ஒரே குத்தில் முதுகெலும்பு சரியாகுமா? சினிமா காட்டாமல் விடும் அந்த ஆறு மாதம்!

முதுகெலும்பு உடைந்து பாதாளச் சிறையில் கிடக்கிறார் பேட்மேன். முதுகில் துருத்திக்கொண்டு நிற்கும் எலும்பைப் பார்த்த சக கைதி, முஷ்டியால் ஓங்கி ஒரு குத்து விடுகிறார். பிறகு கயிற்றில் கட்டி நிற்க வைக்கிறார். கொஞ்ச நாள் தண்டால், உடற்பயிற்சி. அடுத்து அந்தச் சிறையின் சுவரிலேயே ஏறித் தப்பித்துவிடுகிறார். 2012-ல் வெளியான 'தி டார்க் நைட் ரைசஸ்' படத்தில் வரும் காட்சி இது.

திரையில் பார்க்க செம்மயாத்தான் இருக்கும். ஆனால் நிஜத்தில் அப்படி ஒரு குத்து விழுந்தால், பாதி மிச்சமிருக்கும் நரம்பும் நசுங்கி, அந்த மனிதர் நிரந்தரமாக நடக்க முடியாமல் போகலாம்.

'சினிமாதானே, விட்டுத் தள்ளுங்க' என்று இதை ஒதுக்க முடியாது. ராயக்கோட்டை மாதிரி ஊர்களில் முதுகு என்பது பிழைப்பு. தக்காளி மண்டியில் கிரேட் தூக்குபவர், ஓசூர் தொழிற்சாலையில் ஷிப்ட் முழுக்க நின்றே வேலை பார்ப்பவர், தினமும் பைக்கில் ஓசூர் போய் வருபவர், கிருஷ்ணகிரி–ஓசூர் நெடுஞ்சாலையில் லாரி ஓட்டுபவர் என எல்லோரும் முதுகை நம்பித்தான் சம்பாதிக்கிறார்கள். அந்த முதுகுக்கு ஒன்று என்றால் முதலில் நினைவுக்கு வருவது பல நேரம் மருத்துவமனை இல்லை, எங்கோ பார்த்த ஒரு காட்சிதான்.

சினிமா எதைச் சரியாகக் காட்டுகிறது, எங்கே கோட்டை விடுகிறது? பார்க்கலாம்.

முதுகுவலியும் தண்டுவடக் காயமும் ஒன்றா?

இல்லை. இந்த இரண்டையும் ஒன்றாகக் குழப்புவதுதான் சினிமா செய்யும் முதல் தவறு.

முதுகெலும்பு என்பது அடுக்கி வைத்த எலும்புகள். அவற்றுக்கு நடுவே மெத்தை போல இருப்பது டிஸ்க். இந்த எலும்புகளுக்குள் இருக்கும் குழாய் வழியாக மூளையிலிருந்து கீழே இறங்கும் நரம்புக் கொத்துதான் தண்டுவடம்.

பெரும்பாலான முதுகுவலி தசை, தசைநார், டிஸ்க், மூட்டு சம்பந்தப்பட்டது. வலி உயிர் போகும். ஆனாலும் பலருக்குச் சில வாரங்களில் தானாகவே குறைந்துவிடும். உலக சுகாதார நிறுவனத்தின் கணக்குப்படி, 2020-ல் உலகம் முழுக்க சுமார் 61.9 கோடி பேருக்குக் கீழ்முதுகு வலி இருந்தது. மனிதர்களை அதிகமாக முடக்கிப் போடும் பிரச்சினைகளில் முதலிடம் இதற்குத்தான்.

தண்டுவடக் காயம் வேறு கதை. விபத்திலோ, உயரத்திலிருந்து விழும்போதோ தண்டுவடம் நசுங்கினால், அந்த இடத்துக்குக் கீழே அசைவும் உணர்வும் போய்விடும். கழுத்தில் அடிபட்டால் கை, கால் நான்கும் பாதிக்கப்படலாம். நடுமுதுகிலோ அதற்குக் கீழேயோ அடிபட்டால் கால்கள் பாதிக்கப்படும். தண்டுவடம் முழுமையாக பாதிக்கப்பட்டதா, பகுதியாகவா என்பதைப் பொறுத்துத்தான் எவ்வளவு மீளலாம் என்பது தெரியும். ஹீரோவுக்கு மன உறுதி எவ்வளவு என்பது இங்கே இரண்டாம் பட்சம்தான்.

சினிமாவில் ரெண்டே க்ளைமாக்ஸ்!

ஒன்று, அதிசயம். வருஷக்கணக்கில் சக்கர நாற்காலியில் இருக்கும் அம்மா, மகனை வில்லன் அடிக்கும்போது 'டேய்' என்று எழுந்து நிற்பார். இந்தக் காட்சியைப் பார்க்காத தமிழ் ரசிகர் இருக்க முடியாது. 2004-ல் வந்த 'வசூல் ராஜா எம்.பி.பி.எஸ்' படத்தில், அசைவில்லாமல் கிடக்கும் நோயாளிக்கு அன்பும் பேச்சும்தான் மருந்து. அது தண்டுவடக் காயம் இல்லை என்றாலும், 'பாசம் காட்டினால் உடம்பு எழுந்துவிடும்' என்ற நம்பிக்கையை ஆழமாகப் பதித்த படம். நோயாளியை மனுஷனாக நடத்தச் சொன்ன வகையில் அந்தப் படம் சொன்னது சரி. ஆனால் கட்டிப்பிடி வைத்தியம் மட்டும் நரம்பை ஒட்ட வைக்காது.

இன்னொன்று, மரணம். 2004-ல் வந்த 'மில்லியன் டாலர் பேபி'யில் கழுத்து முறிந்த குத்துச்சண்டை வீராங்கனை சாக வேண்டும் என்கிறார். 2010-ல் வந்த இந்திப் படம் 'குசாரிஷ்'. அதில் கை, கால் செயலிழந்த மேஜிக் கலைஞராக நடித்த ஹ்ரித்திக் ரோஷன், கருணைக்கொலை கேட்டு நீதிமன்றம் போவார். சிறந்த படத்துக்கான ஆஸ்கரை வென்ற 'மில்லியன் டாலர் பேபி'க்கு அமெரிக்காவில் மாற்றுத்திறனாளி அமைப்புகளே எதிர்ப்பு தெரிவித்தன. 'இப்படி வாழ்வதற்குச் சாவதே மேல்' என்று படம் சொல்வதாக அவர்கள் குற்றம்சாட்டினர்.

எழுந்து ஓடுவது, இல்லையென்றால் செத்துப்போவது. நடுவே ஒரு முழு வாழ்க்கை இருக்கிறதே, அது எங்கே?

'தோழா' ஏன் வித்தியாசமானது?

அந்த நடுப்பகுதியை எட்டிப் பார்த்த படங்களும் உண்டு. 2016-ல் வம்சி இயக்கத்தில் நாகார்ஜுனா, கார்த்தி நடித்த 'தோழா' அதில் முக்கியமானது. தமிழ், தெலுங்கு, கன்னடம் மூன்றும் புழங்கும் ஓசூர், ராயக்கோட்டைப் பக்கம் இதை 'ஊப்பிரி' என்று தெலுங்கிலும் பார்த்தவர்கள் இருப்பார்கள். 2011-ல் வந்த பிரெஞ்சுப் படமான 'தி இன்டச்சபிள்ஸ்' படத்தின் ரீமேக் இது. பாராகிளைடிங் விபத்தில் கழுத்துக்குக் கீழே செயலிழந்த பிலிப் போஸோ டி போர்கோ என்பவரின் நிஜக் கதைதான் அதன் மூலம். அவருக்கு விபத்து நடந்தது 1993-ல். காலமானது 2023-ல். அதாவது, விபத்துக்குப் பிறகு 30 ஆண்டுகள் வாழ்ந்திருக்கிறார்.

இந்தப் படத்தில் ஹீரோ கடைசி வரை எழுந்து நடக்க மாட்டார். படமும் சோகமாக முடியாது. ஒருவரைத் தூக்கி உட்கார வைப்பது, குளிக்க வைப்பது, சாப்பாடு ஊட்டுவது, வெளியே அழைத்துப் போவது ஆகியவைதான் கதை.

அதே ஆண்டு வெளியான 'பெங்களூர் நாட்கள்' படமும் அப்படித்தான். அதில் பார்வதி நடித்த ரேடியோ ஜாக்கி சக்கர நாற்காலியில்தான் வருவார். வேலைக்குப் போவார், காதலிப்பார். அவரை 'குணப்படுத்த' படம் முயற்சி செய்யவே இல்லை.

ஆனாலும் ஒரு குறை. 'தோழா' நாயகன் கோடீஸ்வரர். பார்த்துக்கொள்ள ஆள், கார், பங்களா எல்லாம் உண்டு. ஒரு லோடுமேனுக்கோ, ஒப்பந்தத் தொழிலாளிக்கோ இதே நிலை வந்தால் அந்த வீடு என்ன ஆகும்? அதைச் சொல்லும் படங்கள் அரிது.

சினிமா காட்டாத அந்த ஆறு மாதம்

தண்டுவடம் பகுதியாக பாதிக்கப்பட்டவர்களுக்கு, முன்னேற்றம் பொதுவாக முதல் ஆறு மாதங்களில்தான் வேகமாக நடக்கும். சினிமாவில் இது ஒரு பாட்டு. நாலு நிமிஷம். முதல் சரணத்தில் ஊன்றுகோல், இரண்டாவது சரணத்தில் ஓட்டம்.

நிஜத்தில் அந்த ஆறு மாதம் எப்படி இருக்கும்? படுக்கையில் இருப்பவரை சுமார் இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை திருப்பிப் படுக்க வைக்க வேண்டும். ராத்திரியும் கணக்குதான். இல்லாவிட்டால் படுக்கைப்புண் வரும். அது ஆழமாகி சீழ் பிடித்தால் உயிருக்கே ஆபத்து. சிறுநீர் தானாக வராதவர்களுக்கு டியூப் போட்டு எடுக்கப் பழக வேண்டும். அதில் சுத்தம் தவறினால் கிருமித்தொற்று வரும், சிறுநீரகமும் பாதிக்கப்படும். மூட்டு இறுகாமல் இருக்க, கை கால்களை தினமும் மடக்கி நீட்ட வேண்டும். கட்டிலிலிருந்து நாற்காலிக்கு மாறக் கற்றுக்கொள்வதே பெரிய வெற்றி.

இதற்கு நடிகர் அஜித்தின் வாழ்க்கையே உதாரணம். தொடக்க காலத்தில் பந்தய விபத்தில் முதுகில் காயம்பட்டு, 3 பெரிய அறுவை சிகிச்சைகளுக்குப் பிறகு சுமார் ஒன்றரை ஆண்டு ஓய்வில் இருக்க நேர்ந்தது. அது தண்டுவடம் செயலிழந்த நிலை அல்ல, முதுகுக் காயம் மட்டும்தான். அதற்கே ஒன்றரை ஆண்டு! 2025 ஜனவரியில் துபாய் 24 மணி நேர கார் பந்தயத்தில் அவர் ஓடியதைக் கொண்டாடும் ரசிகர்கள், அந்த ஒன்றரை ஆண்டையும் ஞாபகம் வைத்துக்கொள்ளலாம்.

'டக்'னு சத்தம் வந்தா சரியாயிடுச்சா?

சினிமாவில் கையால் செய்யும் வைத்தியத்துக்கு இரண்டு முகம். ஒன்று காமெடி. கழுத்தைப் பிடித்து ஒரு திருப்பு, 'டக்' என்று ஒரு சத்தம், காமெடியன் அலறல். இன்னொன்று மந்திரம். 'இந்தியன்' தாத்தா இரண்டே விரலால் ஆளை முடக்குவது அந்த ரகம். வர்மம் என்பது சித்த மருத்துவத்தில் ஒரு நிஜமான சிகிச்சைப் பிரிவு. ஆனால் திரையில் பார்ப்பது அதன் சண்டைக்காட்சி வடிவம்.

அந்த 'டக்' சத்தம் எலும்பு இடத்தில் போய் உட்காருவதால் வருவதில்லை. மூட்டுக்குள் இருக்கும் திரவத்தில் வாயுக்குமிழி உண்டாகும்போது வருவது. விரலைச் சொடுக்கும்போது கேட்பதும் இதேதான்.

அப்படியென்றால் கையால் செய்யும் சிகிச்சை எல்லாமே வேஸ்டா? அதுவும் இல்லை. நாள்பட்ட கீழ்முதுகு வலிக்காக 2023 டிசம்பரில் உலக சுகாதார நிறுவனம் வெளியிட்ட வழிகாட்டுதலில் உடற்பயிற்சி, நோயாளிக்கு விளக்கிச் சொல்வது ஆகியவற்றோடு மசாஜ், பயிற்சி பெற்றவர் கையால் செய்யும் முதுகெலும்புச் சிகிச்சை ஆகியவையும் இடம்பெற்றன. அதேசமயம், பலர் மாதக்கணக்கில் கட்டிக்கொள்ளும் இடுப்பு பெல்ட்டையும், எடை கட்டி இழுக்கும் டிராக்‌ஷனையும் வழக்கமான சிகிச்சையாக அது பரிந்துரைக்கவில்லை.

யார் செய்கிறார், என்ன பிரச்சினைக்குச் செய்கிறார் என்பதுதான் முக்கியம். முடிவெட்டும் கடையில் கழுத்தைச் சட்டென்று திருப்பியதால் ரத்தக்குழாய் கிழிந்து இளைஞர் ஒருவருக்கு பக்கவாதம் வந்ததாக 2024-ல் கர்நாடகாவின் பல்லாரியிலிருந்து செய்தி வெளியானது. இது அபூர்வம்தான். ஆனால் வந்தால் விளைவு பெரிது. விழுந்து அடிபட்ட முதுகை, எக்ஸ்ரே கூட எடுக்காமல் சுளுக்கு எடுக்கவோ, கட்டு போடவோ கொண்டுபோவது அதைவிட ஆபத்து.

ஹீரோ தூக்கிக்கிட்டு ஓடலாமா?

விபத்தில் அடிபட்டவரை இரண்டு கையில் ஏந்தி ஹீரோ ஓடும் காட்சி... தயவுசெய்து இதை மட்டும் நிஜத்தில் செய்துவிடாதீர்கள். கழுத்தோ முதுகோ முறிந்தவரை அப்படி மடக்கித் தூக்கினால், உடைந்த எலும்பு தண்டுவடத்தை வெட்டலாம். நடக்கக்கூடியவர் நடக்க முடியாதவராவது அந்த ஒரு நிமிஷத்தில்தான். நல்ல மனசோடு செய்த உதவியே வினையாகிவிடும்.

தீ, தண்ணீர், வண்டி மோதும் அபாயம் என உடனடி ஆபத்து இல்லாவிட்டால் அவரை நகர்த்தாதீர்கள். தலையும் கழுத்தும் ஆடாமல் பிடித்துக்கொண்டு 108-ஐ அழையுங்கள். நகர்த்தியே ஆக வேண்டும் என்றால், தலை, கழுத்து, முதுகு ஒரே நேர்க்கோட்டில் இருக்கும்படி நாலைந்து பேர் சேர்ந்து பலகை போலத் தூக்க வேண்டும். ஆட்டோவில் உட்கார வைத்துக் கொண்டுபோவது கூடவே கூடாது.

செலவுக்குப் பயந்து தயங்கவும் வேண்டாம். 2021 டிசம்பரில் தொடங்கிய 'இன்னுயிர் காப்போம் – நம்மைக் காக்கும் 48' திட்டத்தில், தமிழ்நாட்டு எல்லைக்குள் விபத்தில் சிக்குபவர் எந்த மாநிலத்துக்காரராக இருந்தாலும் முதல் 48 மணி நேர சிகிச்சையை அரசு பார்த்துக்கொள்ளும். வெளிமாநிலத் தொழிலாளர்களும் கர்நாடகா வண்டிகளும் நிறைந்த ஓசூர் பகுதிக்கு இது மிக முக்கியம்.

படமாக வேண்டிய இரண்டு வாழ்க்கைகள்

ராயக்கோட்டைக்காரர்கள் பெரிய சிகிச்சைக்குப் போகும் ஊர்கள் இரண்டு: பெங்களூரு, வேலூர். இரண்டிலும் ஒரு கதை இருக்கிறது.

வேலூர் சி.எம்.சி.யில் இளம் மருத்துவராக இருந்த மேரி வர்கீஸ், 1954-ல் கார் விபத்தில் சிக்கினார். இரண்டு கால்களும் செயலிழந்தன. அவர் எழுந்து நடக்கவில்லை. சக்கர நாற்காலியில் உட்கார்ந்தபடியே தொழுநோயாளிகளின் கைகளுக்கு அறுவை சிகிச்சை செய்தார். நியூயார்க் போய் மறுவாழ்வு மருத்துவம் படித்துத் திரும்பி, சி.எம்.சி.யில் அதற்கான துறையை வளர்த்தார். 1966-ல் அங்கே மறுவாழ்வு மையம் உருவானது. 1972-ல் அவருக்கு பத்மஸ்ரீ விருது கிடைத்தது.

இரண்டாமவர் எஸ்.ராமகிருஷ்ணன். பொறியியல் நான்காம் ஆண்டு படிக்கும்போது, 1975-ல் கடற்படை அதிகாரி தேர்வுக்காக பெங்களூரு போனார். உடல்தகுதிச் சோதனையில் உயரத்திலிருந்து விழுந்து கழுத்துக்குக் கீழே செயலிழந்தார். 1981-ல் தென்காசி அருகே ஆய்க்குடியில் அமர் சேவா சங்கத்தைத் தொடங்கினார். 2020-ல் பத்மஸ்ரீ விருது பெற்றார்.

இரண்டு பேரும் எழுந்து நடக்கவில்லை. ஆனால் எத்தனையோ பேரை எழுந்து உட்கார வைத்தார்கள்.

வீட்டுக்கே வரும் பிசியோதெரபி

பக்கத்திலேயே இன்னொரு விஷயமும் நடந்தது. 2021 ஆகஸ்ட் 5-ம் தேதி 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டம் தொடங்கப்பட்டது இதே கிருஷ்ணகிரி மாவட்டத்தின் சாமனப்பள்ளி கிராமத்தில்தான். சுகர், பிரஷர் மாத்திரை தரும் திட்டம் என்றே பலர் நினைக்கிறார்கள். ஆனால் நடமாட முடியாதவர்களுக்கு வீட்டிலேயே பிசியோதெரபி தருவதும் இத்திட்டத்தில் உண்டு. தேவைப்படுபவர்கள் அருகிலுள்ள ஆரம்ப சுகாதார நிலையத்தில் கேட்கலாம். தண்டுவடம் பாதிக்கப்பட்டவர்கள் அரசின் மாதாந்திர பராமரிப்பு உதவித்தொகைக்கு மாவட்ட மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகத்தில் விண்ணப்பிக்கலாம். இ.எஸ்.ஐ. அட்டை இருக்கும் தொழிலாளர்கள் அதையும் பயன்படுத்தலாம்.

முதுகுவலியில் எப்போது உடனே ஓடணும்?

- விழுந்தோ, விபத்திலோ அடிபட்டபின் வலி வந்தால்
- காலில் பலம் குறைந்தால், பாதம் தொங்கினால், செருப்பு தானாக நழுவினால்
- தொடையின் உள்பக்கமும் மலவாய் சுற்றிய பகுதியும் மரத்துப்போனால்
- சிறுநீர், மலம் அடக்க முடியாமல் போனாலோ, வராமல் நின்றாலோ
- வலியோடு காய்ச்சல் இருந்தால், காரணமில்லாமல் எடை குறைந்தால்

இவற்றில் ஒன்று இருந்தாலும் எண்ணெய் தேய்ப்பு, சுளுக்கு எடுப்பு எதுவும் வேண்டாம், நேராக மருத்துவமனைதான். அதிலும் மரத்துப்போவதும் சிறுநீர் பிரச்சினையும் சேர்ந்து வந்தால் ஒரு நாள் தாமதம்கூட நிரந்தர பாதிப்பாகலாம்.

இவை எதுவும் இல்லாத சாதாரண முதுகுவலி என்றால், வாரக்கணக்கில் படுத்தே கிடக்காதீர்கள். முடிந்தவரை நடங்கள். வலி தொடர்ந்தால் மருத்துவரையும், முறையாகப் படித்த பிசியோதெரபிஸ்ட்டையும் பாருங்கள். ஒரே குத்தில் சரியாகும் என்று யார் சொன்னாலும், குனிந்து முதுகைக் காட்டிவிடாதீர்கள்.