குபேரக் கோலமும் ஆமை ஓடும்



நம்மவர் இல்லங்கள் பலவற்றின் பூசையறையில் ஒன்பது கட்டங்கள் கொண்ட கோலம் ஒன்றைக் காணலாம். அரிசி மாவினால் கட்டம் வரைந்து, ஒவ்வொரு கட்டத்திலும் ஓர் எண்ணை எழுதுவர். சிலர் அதன்மேல் ஒரு நாணயமும் ஒரு பூவும் வைத்து வழிபடுவர். இதற்குக் குபேரக் கோலம் என்பது பெயர். வடதிசைக்கும் செல்வத்திற்கும் தலைவனான குபேரனின் அருளை இக்கோலம் பெற்றுத் தரும் என்பது நம்பிக்கை. அதன் எண்கள் வருமாறு:

27 20 25
22 24 26
23 28 21

இடமிருந்து வலமாகக் கூட்டினாலும், மேலிருந்து கீழாகக் கூட்டினாலும், மூலைக்கு மூலை கூட்டினாலும் 72 வரும். எப்பக்கம் கூட்டினும் ஒரே தொகை வரக் கண்ட முன்னோர், இதில் ஏதோ ஒரு மந்திர ஆற்றல் உறைந்திருக்கிறது என வியந்தனர். அவ்வியப்பு இயல்பானதே. ஆயினும், வியப்பை விலைக்கு விற்போரும் உலகில் உண்டு.

முன்னாளில், நாம் அறிந்த ரப்பர்த் தோட்டம் ஒன்றிற்குச் சம்பள நாளன்று ஒருவர் வந்தார். லயத்தின் வாசல்தோறும் நின்று, இவ்வெண்கள் பொறித்த செப்புத் தகட்டைக் காட்டினார். இமயமலைச் சித்தர் ஒருவர் தமக்கு மட்டும் உரைத்த இரகசியம் இது என்றும், ஓர் எண்ணை மாற்றினாலும் குடும்பத்திற்குத் தீங்கு நேரும் என்றும் கூறினார். பால்மரம் வெட்டும் தாய் ஒருவர் தம் மூன்று நாள் கூலியைக் கொடுத்து அத்தகட்டை வாங்கினார். ஐந்தாம் ஆண்டில் பயின்ற அவருடைய மகள் அதைத் தன் ஏட்டில் எழுதிக்கொண்டு பள்ளிக்கு வந்து, “ஐயா, இது ஏன் எப்படிக் கூட்டினாலும் 72 வருகிறது?” என்று வினவினாள். அவ்வினாவிற்குரிய விடையையே இங்குக் கூற விழைகிறோம்.

ஒவ்வோர் எண்ணிலிருந்தும் 19-ஐக் கழித்துப் பாருங்கள். கிடைப்பது இது:

8 1 6
3 5 7
4 9 2

1 முதல் 9 வரை உள்ள எண்கள் ஒவ்வொன்றும் ஒரே ஒரு முறை வந்துள்ளன. எப்பக்கம் கூட்டினும் 15. இதன் மேல்வரியைக் கீழேயும் கீழ்வரியை மேலேயும் மாற்றி எழுதினால், சீனர் போற்றும் ‘லோ சூ’ என்னும் கட்டம் தோன்றும்! முற்காலத்தில் யூ என்னும் மன்னர் பெருவெள்ளத்தைத் தணிக்க முயன்றபோது, லோ என்னும் ஆற்றிலிருந்து ஓர் ஆமை வெளிப்பட்டதாம். அதன் ஓட்டின்மேல் இவ்வெண்கள் புள்ளிகளாக அமைந்திருந்தனவாம். இது சீனரின் பழங்கதை. வீடு கட்டத் திசை பார்க்கும் சீனர் இன்றும் இக்கட்டத்தைப் பயன்படுத்துகின்றனர்.

அரபு நாட்டாரும் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே இதே கட்டத்தை அறிந்திருந்தனர். மகப்பேறு எளிதாக நிகழும் பொருட்டு அதனைத் தாயத்தாகப் பயன்படுத்தினர். மலாய் மக்களிடையே எழுதப்பட்ட தாயத்திற்கு ‘வஃபாக்’ என்று பெயர். அவற்றுள் எண் நிரப்பிய கட்டங்களும் உண்டு. ஈப்போ நகரின் ஒரே தெருவில் நடக்கும் மூவினத்தாருக்கும் இக்கட்டம் உறவுடையது என்பது எண்ணி மகிழத்தக்கது.

ஒருவரைப் பார்த்து மற்றவர் எழுதினரோ எனக் கேட்கலாம். அங்ஙனம் எழுதாமலேயும் இது நிகழக்கூடும். ஏனெனில், 1 முதல் 9 வரை உள்ள எண்களை இவ்வாறு அடுக்க ஒரே ஒரு முறைதான் உண்டு. அதனைச் சுழற்றலாம், கண்ணாடியில் காண்பதுபோல் திருப்பலாம். அவ்வாறு எட்டுத் தோற்றங்கள் கிடைக்கும். வேறு அமைப்பு இல்லை.

நடுவில் 5 மட்டுமே ஏன் வர வேண்டும்? 1 முதல் 9 வரை கூட்டினால் 45. மூன்று வரிகள் இருப்பதால் ஒரு வரிக்கு 15. நடுக்கட்டத்தின் வழியே செல்லும் கோடுகள் நான்கு: கிடையாக ஒன்று, நெடுக்காக ஒன்று, மூலைக்கு மூலை இரண்டு. நான்கின் கூட்டுத்தொகை 60. இக்கூட்டலில் மற்ற எட்டு எண்களும் ஒரு முறை வர, நடு எண் மட்டும் நான்கு முறை வருகிறது. 60-இலிருந்து 45-ஐக் கழித்தால் 15. இது, நடு எண் மிகுதியாக வந்த மூன்று முறைக்குரியது. ஆகவே நடு எண் 5. இதுவே இரகசியம், இதற்கு இமயமலை வரை செல்ல வேண்டியதில்லை.

எல்லாக் கட்டங்களிலும் ஒரே எண்ணைக் கூட்டினாலும் ஒழுங்கு குலையாது. 19-ஐக் கூட்டினால் குபேரக் கோலம். 15-ஐக் கூட்டினால் எப்பக்கமும் 60 வரும் புதிய கோலம். நடு எண்ணின் மும்மடங்கே கூட்டுத்தொகை என்பதை நினைவிற்கொண்டு, நீங்களே பல கோலங்களை அமைக்கலாம்.

நம் அறிஞர்கள் இக்கலையை நன்கு வளர்த்தனர். கஜுராகோவில் 10-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த பார்சுவநாதர் கோயிலில், எப்பக்கம் கூட்டினும் 34 வரும் பதினாறு கட்டச் சதுரம் பொறிக்கப்பட்டுள்ளது. நாராயண பண்டிதர் 1356-இல் இயற்றிய ‘கணித கௌமுதி’ இத்தகைய சதுரங்களை அமைக்கும் முறைகளை விளக்குகிறது. 1887-இல் ஈரோட்டில் பிறந்து கும்பகோணத்தில் வளர்ந்த கணித மேதை இராமானுஜனின் குறிப்பேட்டிலும் மாயச் சதுரங்களுக்கென ஓர் இயல் உண்டு. அவர்கள் இவற்றைக் கண்டு வியந்ததோடு நில்லாமல், ‘ஏன்’ என்று வினவினர்.

அந்தச் சிறுமிக்கு வருவோம். விடை அறிந்த அவள், எல்லாக் கட்டங்களிலும் ஒன்றைக் கூட்டி, 75 வரும் கோலத்தை எழுதித் தன் தாயிடம் காட்டினாள். தாய் விரல்விட்டு எண்ணிப் பார்த்தார், மீண்டும் எண்ணினார். செப்புத் தகடு சுவரிலேயே இருந்தது. ஆனால் அடுத்த சம்பள நாளில் அம்மனிதர் மற்றொரு தகட்டோடு வந்தபோது, “வேண்டாங்க ஐயா, எம் பொண்ணே எழுதுவா” என்று கூறி அனுப்பிவிட்டார்.

பெற்றோர்களே! கோலமிடுவதை நிறுத்துங்கள் என்று நாம் கூறவில்லை. அது நம் இல்லங்களுக்கு அழகு. ஆனால் அடுத்த முறை கோலமிடும்போது உங்கள் பிள்ளையை அருகில் அமர்த்தி, எண்களைக் கூட்டச் சொல்லுங்கள். அக்கோலத்திலிருந்து நம் வீட்டிற்கு உறுதியாக வந்து சேரும் செல்வம் அதுவே.