7,962 யார்டு ஓடியவரை ஏன் யாரும் எடுக்கவில்லை?

இன்னைக்கு எபிசோடு ஒரு கடையில ஆரம்பிக்குது. அமெரிக்காவுல ஒரு விளையாட்டுப் பொருட்கள் கடை. அங்க வேலை செய்றவர் மாதிரி ஒருத்தர் நின்னுக்கிட்டு, வர்றவங்ககிட்ட டேனி வுட்ஹெட் ஜெர்சியைக் காட்டி விற்கப் பார்க்கிறார். வாங்க வந்தவங்களுக்கு ஒரு விஷயம் தெரியல: ஜெர்சியில இருக்கிற பேரு அவரோடதுதான். அந்த வீடியோ அப்போ செம ஹிட்.

5 அடி 8 அங்குலம் உயரம். அமெரிக்கன் ஃபுட்பால் வீரர்னு பார்த்தா சொல்ல முடியாது. இந்தக் கதையில பாதிப் பிரச்சினை அதுதான்.

வுட்ஹெட் நெப்ராஸ்கா மாநிலத்துல நார்த் பிளாட் ஊர்க்காரர். அவர் ஆடினது ஷாட்ரன் ஸ்டேட் காலேஜுக்காக. ஷாட்ரன்ங்கிறது 6,000 பேர் கூட இல்லாத ஊர். காலேஜ் இருந்தது டிவிஷன் 2-ல. அதாவது டிவியில நாம பார்க்கிற பெரிய யுனிவர்சிட்டிகளுக்கு அடுத்த நிலை. அப்போ மேல்மட்டத்துல ஒரு ஃபுட்பால் டீம் 85 பேருக்கு முழு ஸ்காலர்ஷிப் தரலாம். டிவிஷன் 2-ல 36 பேருக்கு உண்டான பணம்தான், அதையே எல்லாருக்கும் பிரிச்சுக் கொடுக்கணும்.

அங்க அவர் ரன்னிங் பேக். பந்தை வாங்கிக்கிட்டு எதிரணிக்குள்ள புகுந்து ஓடுற ஆள். 2006-ல ஒரே சீசன்ல 2,756 யார்டு ஓடினார். நாலு வருஷத்துல மொத்தம் 7,962. ரெண்டுமே அந்த நேரத்துல எல்லா டிவிஷனையும் சேர்த்த என்.சி.ஏ.ஏ ரெக்கார்டு. டிவிஷன் 2-ன் சிறந்த வீரருக்கான ஹார்லன் ஹில் விருதும் ரெண்டு தடவை வாங்கினார்.

சரி, 2008 என்.எஃப்.எல் டிராஃப்ட்ல என்ன ஆச்சு? 7 சுற்று, 250 பேருக்கு மேல தேர்வானாங்க. அதுல வுட்ஹெட் பேரு இல்ல.

இதை அநியாயம்னு உடனே சொல்லிடலாம். ஆனா ஸ்கவுட் பக்கமிருந்தும் பாருங்க. 7,962-ங்கிற எண் உண்மைதான். ஆனா அது யாருக்கு எதிரா எடுத்தது? அவரைத் துரத்தினவங்கள்ல பெரும்பாலானவங்க என்.எஃப்.எல் பக்கமே போகாதவங்க. அந்த எண்ணுக்கு மேல்மட்டத்துல என்ன மதிப்புன்னு கணக்குப் போட ஃபார்முலா கிடையாது. வுட்ஹெட் ரெக்கார்டை அதே 2008-லயே மவுண்ட் யூனியன் காலேஜின் நேட் கிமிக் 8,074 யார்டு ஓடி உடைச்சார். அது டிவிஷன் 3. அவருக்கு என்.எஃப்.எல் வாழ்க்கை அமையவே இல்ல. அப்போ ஓட்டம் மட்டும் போதாது.

டிராஃப்ட் முடிஞ்சதும் நியூயார்க் ஜெட்ஸ் வுட்ஹெட்டை ஒப்பந்தம் பண்ணாங்க. பயிற்சி முகாம்லயே முழங்கால் போச்சு, முதல் சீசன் முழுக்க வெளியே. அடுத்த வருஷம் கொஞ்சம் ஆடினார். 2010 செப்டம்பர்ல டீமை விட்டே அனுப்பிட்டாங்க.

சில நாள்லயே, செப்டம்பர் 18-ம் தேதி, நியூ இங்கிலாந்து பேட்ரியட்ஸ் அவரைச் சேர்த்துக்கிட்டாங்க. மறுநாள் அந்த டீமின் கெவின் ஃபால்க்குக்கு முழங்கால்ல அடி, சீசனே முடிஞ்சது. ஃபால்க் செஞ்ச வேலைக்கு திடீர்னு ஆள் தேவை.

என்ன வேலை அது? இந்த ஆட்டத்துல 10 யார்டு முன்னேற 4 வாய்ப்பு. மூணாவது வாய்ப்புலயும் தூரம் நிறைய மிச்சம் இருந்தா, பந்தை எறியப் போறாங்கன்னு எல்லாருக்கும் தெரியும். எதிரணி கூடுதல் ஆளை அனுப்பி குவார்ட்டர்பேக்கைச் சாய்க்கப் பார்க்கும். அப்போ ரன்னிங் பேக் ஒரு நொடிக்குள்ள முடிவெடுக்கணும்: பாய்ஞ்சு வர்ற 100 கிலோ ஆளைக் குறுக்க நின்னு தடுக்கிறதா, இல்ல நழுவிப் போய் கேட்ச் பிடிக்கிறதா? தப்பா முடிவெடுத்தா கீழே விழறது டாம் பிரேடி.

வுட்ஹெட் இதை நல்லா செஞ்சார். வந்த அடுத்த வாரமே பஃபலோ பில்ஸுக்கு எதிரா ஒரு டச்டவுன். அந்த சீசன்ல பேட்ரியட்ஸுக்காக 97 தடவை பந்தோட ஓடி 547 யார்டு, கூடவே 34 கேட்ச். 2012 பிப்ரவரி சூப்பர் பவுல்ல, முதல் பாதி முடியுற நேரத்துல பிரேடி எறிஞ்ச பந்தைப் பிடிச்சு டச்டவுன் போட்டார். ஆட்டத்தை மட்டும் 21-17-ன்னு ஜயன்ட்ஸ் ஜெயிச்சாங்க.

2013-ல சார்ஜர்ஸ். 2014-ல கால் எலும்பு உடைஞ்சது. திரும்பி வந்து 2015-ல 80 கேட்ச். 2016-ல மறுபடியும் முழங்கால். 2017-ல ரேவன்ஸ், 2018 மார்ச்ல ஓய்வு.

இப்போ மொத்தக் கணக்கைப் பாருங்க. என்.எஃப்.எல்-ல 300 கேட்ச். காலேஜ்ல ஓடி ஓடியே ரெக்கார்டு வச்ச மனுஷன், மேல வந்ததும் ஓடினதைவிட கேட்ச் பிடிச்சு எடுத்த யார்டுதான் அதிகம். எந்தத் திறமையால பேரு வாங்கினாரோ, அது அவரைக் கதவு வரைக்கும்தான் கொண்டு வந்தது. உள்ளே நிலைச்சு நிக்க வேற வேலை கத்துக்க வேண்டியிருந்தது. இன்னொருத்தருக்குப் பட்ட அடியும் அதுல சேர்த்திதான், அதை மறைக்க வேண்டியதில்ல.

அடுத்த தடவை டிராஃப்ட் பார்த்தீங்கன்னா, ஏழாவது சுற்று முடிஞ்சதும் டிவியை ஆஃப் பண்ணிடாதீங்க. அதுக்கப்புறம்தான் சிலருக்கு ஃபோன் வரும். அந்தப் பேருங்களையும் ஒரு தடவை பாருங்க. அடுத்த எபிசோடுல சந்திப்போம்.