விளையாட்டும் அதன் முகவரியும்

வெளிமாநிலங்களிற் குடியேறி வாழும் தமிழர்களாகிய நமக்கு, வீடு மாற்றும் வித்தையைப் பிறர் கற்பிக்க வேண்டுவதில்லை. பெட்டி படுக்கைகளை வண்டியில் ஏற்றி இறக்குவது ஒரு நாள் வேலை. ஆதார் அட்டையிலும், வங்கியிலும், எரிவாயு முகவரிடத்தும், பிள்ளைகளின் பள்ளியிலும் புது முகவரியைப் பதிந்து முடிப்பதற்கோ மாதங்கள் ஆகிவிடும். பதியாமல் விட்டால் சிலிண்டர் பழைய வீட்டின் வாயிலுக்குச் சென்று திரும்பிவிடும். பொருள்கள் புது வீட்டில் இருக்கின்றன. ஆனால் பதிவேடு நம்மைப் பழைய வீட்டிலேயே தேடுகிறது. கணிப்பொறியில் நிறுவப்பட்ட ஒரு விளையாட்டை ஓரிடத்திலிருந்து மற்றோரிடத்துக்குக் கொண்டுபோவதும் ஏறக்குறைய இதே காரியந்தான்.

விளையாட்டைப் பற்றி வானொலியிற் பேச வேண்டுமா என்று பெரியவர்கள் சிலர் முகம் சுளிக்கக்கூடும். வீட்டுக் கணிப்பொறியில் இடம் நிரம்பிவிட்டது என்ற அறிவிப்புத் தோன்றும்போது முதற்பலியாவது பிள்ளைகளின் விளையாட்டுத்தான். அதில் எது அழிக்கத் தக்கது, எது அழித்தால் மீளாதது என்பதை அறிந்துகொண்டு அழிப்பது நல்லதல்லவா?

ஹைதராபாத் மாநகரின் வடகிழக்கு ஓரத்தில் உள்ள குஷாய்குடாவை நேயர்களிற் பலர் கேள்விப்பட்டிருக்கமாட்டார்கள். ஆயினும் இ.சி.ஐ.எல். நாற்சந்தி என்றால் ஹைதராபாத் தமிழர்கள் உடனே தெரிந்துகொள்வார்கள். அணுசக்தித் துறையின்கீழ் 1967-ஆம் ஆண்டில் நிறுவப்பெற்ற இந்திய எலெக்ட்ரானிக்ஸ் கழகம் இந்த வட்டாரத்தில் அமைந்தது. அதனைத் தோற்றுவித்த ஏ. எஸ். ராவ் அவர்களின் பெயரை அருகிலுள்ள குடியிருப்பு இன்றும் தாங்கி நிற்கிறது. டிராம்பேயில் உருவாகி, இக்கழகத்தாற் செய்து விற்கப்பட்ட டி.டி.சி. 12 என்ற கணிப்பொறி, நம் நாட்டிலேயே ஆக்கப்பெற்ற தொடக்ககாலக் கணிப்பொறிகளுள் ஒன்று. அதன் நினைவகம் சில ஆயிரம் சொற்களையே கொள்ளும். இன்று அதே குஷாய்குடாவில் ஒரு சிறுவனின் மேசைமீதுள்ள பெட்டியில், ஒரே ஒரு விளையாட்டு 150 கிகாபைட் இடத்தைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது. 'ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2' என்னும் விளையாட்டை நிறுவுவதற்கு அவ்வளவு இடம் வேண்டும் என்று அதனை ஆக்கியவர்களே அறிவித்திருக்கிறார்கள். விரைவு வட்டின் முழுக்கொள்ளளவே 240 கிகாபைட் ஆனால், எஞ்சியதில் விண்டோசும், தந்தையாரின் அலுவலகத் தாள்களும், குடும்பப் புகைப்படங்களும் நெருக்கியடித்துக்கொண்டு இருக்க வேண்டியதுதான்.

முன்னாளில் இத்தொல்லை இல்லை. டாஸ் காலத்து விளையாட்டு ஒன்றின் உடைமைகள் யாவும் பெரும்பாலும் ஒரே கோப்புறையில் அடங்கியிருக்கும். 'டேஞ்சரஸ் டேவ்' என்ற விளையாட்டை 1990-களில் ஒரு சிறு பிளாப்பியில் வைத்து வீட்டுக்கு வீடு கொண்டுசென்றவர்கள் நம்மிற் பலர் உண்டு. கோப்புறையை எங்கு வைத்தாலும் அது ஓடும். நாடோடிக்குப் பதிவேடு ஏது? விண்டோஸ் வளர்ந்தபின்னர், நிறுவப்படும் ஒவ்வொரு மென்பொருளும் தன் இருப்பிடத்தை ரெஜிஸ்ட்ரி என்னும் பொதுப் பதிவேட்டில் எழுதிவைக்கும் வழக்கம் ஏற்பட்டது. அதன்மேல், ஸ்டீம், எப்பிக் போன்ற விற்பனைக்கூடங்கள் தத்தமக்குத் தனிக் கணக்குப் புத்தகமும் வைத்துக்கொள்கின்றன. ஆகவே, கோப்புறையைச் சுட்டியாற் பிடித்து இழுத்து மற்றொரு டிரைவில் போட்டுவிட்டால், விளையாட்டு முழுமையாக அங்கே இருந்தும், 'இந்த விளையாட்டு நிறுவப்படவில்லை' என்று கூடம் கைவிரிக்கும். சிறுவன் கலங்கி மறுபடியும் இறக்கத் தொடங்குவான். விநாடிக்கு 40 மெகாபிட் வேகமுள்ள இணைப்பில் 150 கிகாபைட் இறங்குவதற்கு எட்டு மணி நேரத்துக்கு மேல் ஆகும். அதே அளவை ஒரே பெட்டிக்குள் ஒரு வட்டிலிருந்து மற்றொரு வட்டுக்கு மாற்றுவதற்கு, விநாடிக்கு 100 மெகாபைட் என்று கொண்டால், 25 நிமிடம் போதும். வேறுபாடு கண்கூடு.

முதலில் விளையாட்டு எங்கிருக்கிறது என்று கண்டுபிடிக்க வேண்டும். முகப்புத்திரையில் உள்ள படக்குறியின்மீது சுட்டியின் வலப்பொத்தானை அழுத்தி, 'ஓப்பன் ஃபைல் லொகேஷன்' என்பதைத் தேர்ந்தால் பல வேளைகளில் அந்த இடமே திறந்துவிடும். ஸ்டீமில் வாங்கியதானால், அதன் நூலகப் பட்டியலில் விளையாட்டின் பெயரை வலப்பொத்தானால் அழுத்தி, 'மேனேஜ்' என்பதன்கீழ் 'ப்ரௌஸ் லோக்கல் ஃபைல்ஸ்' என்பதை நாடலாம். வேறு ஏற்பாடு செய்யாதவரை, ஸ்டீமின் விளையாட்டுகள் சி டிரைவில் புரோகிராம் ஃபைல்ஸ் (எக்ஸ்86) என்பதனுள் ஸ்டீம், அதனுள் ஸ்டீமாப்ஸ், அதனுள் காமன் என்ற கோப்புறையில் வரிசையாக இருக்கும். மைக்ரோசாஃப்டின் எக்ஸ்பாக்ஸ் செயலிவழி வந்தவை எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ் என்ற கோப்புறையில் இருக்கும்.

இவ்விடத்தில் ஒன்றை அழுத்திச் சொல்ல விரும்புகிறோம். நாம் கண்டுபிடித்த இந்தக் கோப்புறை விளையாட்டின் உடல் மட்டுமே. அது கடையில் வாங்கிய பண்டம். அழிந்தாலும் மறுபடி இறக்கிக்கொள்ளலாம். விளையாடியவன் எவ்வளவு தூரம் சென்றான், எதைக் கட்டினான், எதை வென்றான் என்ற சேமிப்பு பெரும்பாலும் வேறிடத்தில் இருக்கிறது. சில விளையாட்டுகள் அதை டாக்குமெண்ட்ஸ் கோப்புறையில் 'மை கேம்ஸ்' என்பதன்கீழ் வைக்கின்றன. சில, 'சேவ்டு கேம்ஸ்' என்பதில் வைக்கின்றன. பல, 'ஆப்டேட்டா' என்ற கோப்புறைக்குள் வைக்கின்றன. இந்த ஆப்டேட்டா சாதாரணமாகக் கண்ணுக்குத் தெரியாதபடி மறைக்கப்பட்டிருக்கும். பெறுமதியுள்ள பொருள் மறைவான இடத்தில் இருப்பது இயல்புதான். ஆனால் வீட்டுக்காரருக்கே அது தெரியாமலிருந்தால் என்ன செய்வது?

குஷாய்குடாவில் நாம் அறிந்த ஒரு குடும்பத்தில் நேர்ந்ததைக் கேளுங்கள். தந்தையார் சர்லபல்லித் தொழிற்பேட்டையில் வேலை பார்க்கிறார். பூர்வீகம் திருநெல்வேலிப் பக்கம். ஒன்பதாம் வகுப்புப் படிக்கும் மகன் 'மைன்கிராஃப்ட்' விளையாடுகிறவன். கட்டை கட்டையாக அடுக்கி வீடும் ஊரும் கட்டும் விளையாட்டு அது. சுவீடன் நாட்டில் உருவாகி, 2011-இல் முழுமையாக வெளிவந்தது. இந்தப் பையன் கோட்டை கொத்தளங்களைக் கட்டவில்லை. ஊரில் விற்றுவிட்ட தங்கள் பழைய வீட்டைக் கட்டினான். ஞாயிற்றுக்கிழமைதோறும் ஆச்சி தொலைபேசியில் வருவாராம். "திண்ணைக்குத் தூண் நாலுடா, மூணு இல்லை. அடுக்களை வாசல் கிழக்கே பாத்தது" என்று அங்கிருந்து அவர் சொல்ல, இவன் இடித்து இடித்துத் திருத்துவான். முற்றம், கிணறு, கிணற்றடி வேம்பு என்று எட்டு மாதத்தில் வீடு ஒருவாறு எழுந்துவிட்டது. அந்த வீட்டுக்குப் புகைப்படங்கூட இரண்டோ மூன்றோதான் உண்டு என்று தாயார் சொன்னார்.

சி டிரைவ் நிரம்பி, பெட்டி நத்தைபோல் ஊரத் தொடங்கியது. பழுது பார்ப்பவர் ஒருவர், சி டிரைவை முழுவதும் அழித்து விண்டோசைப் புதிதாக இட்டுவிடலாம், வேண்டியதை டி டிரைவுக்கு நகலெடுத்து வையுங்கள் என்றார். பையனும் விளையாட்டின் பெயர் தாங்கிய கோப்புறையைத் தேடிப்பிடித்து டி டிரைவில் போட்டுவிட்டு நிம்மதியாக இருந்தான். அழிக்கும் நாளுக்கு முந்திய மாலையில் தற்செயலாக அங்கே சென்றிருந்த நாம், அவன் நகலெடுத்ததைத் திறந்து பார்த்தோம். விளையாட்டைத் தொடக்கிவைக்கும் மென்பொருள் இருந்தது; ஆச்சியின் வீடு அதில் இல்லை.

மைன்கிராஃப்டின் ஜாவாப் பதிப்பில் உலகங்கள் இருக்கும் இடம் வேறு. விண்டோஸ் விசையையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்தினால் ஒரு சிறு கட்டம் தோன்றும். அதில் ஆப்டேட்டா என்று ஆங்கிலத்தில் தட்டி, அதன் முன்னும் பின்னும் சதவீதக் குறி இட்டு, என்டர் விசையை அழுத்த வேண்டும். மறைந்திருந்த கோப்புறை திறக்கும். அதனுள், முன்னால் ஒரு புள்ளியுடன் மைன்கிராஃப்ட் என்ற பெயரில் ஒரு கோப்புறை. அதனுள்ளே 'சேவ்ஸ்'. அங்கே ஒவ்வோர் உலகும் தனித்தனிக் கோப்புறையாக, பையன் இட்ட பெயரோடு இருந்தது. 'ஆச்சி வீடு' என்பது ஒன்று. விளையாட்டை மூடிவிட்டு அதனை அப்படியே டி டிரைவிலும், ஒரு பென் டிரைவிலும் நகலெடுத்தோம். மறுநாள் சி டிரைவ் அழிக்கப்பட்டது. புதிதாக நிறுவிய விளையாட்டின் சேவ்ஸ் கோப்புறையில் இந்நகலை வைத்தவுடன் வீடு வந்துவிட்டது, தூண்களும் நான்குதான். இத்தகைய உலகக் கோப்புறை மட்டும் பழைய டாஸ் காலத்துப் பண்பு மாறாதது. பதிவேடு கேட்பதில்லை, எங்கே வைத்தாலும் உயிர்க்கும். இனிமேல் உலகங்கள் டி டிரைவிலேயே இருக்கட்டும் என்று விரும்பினால், தொடக்கும் மென்பொருளில் 'இன்ஸ்டாலேஷன்ஸ்' பகுதிக்குச் சென்று, 'கேம் டைரக்டரி' என்ற இடத்தில் புதுக் கோப்புறையைக் காட்டிவிட்டால் போதும்.

இனிப் பெரிய விளையாட்டுகளின் உடலை நகர்த்தும் முறைக்கு வருவோம். ஸ்டீம் இதற்கு நல்ல வழி செய்திருக்கிறது. அதன் 'செட்டிங்ஸ்' பகுதியில் 'ஸ்டோரேஜ்' என்பதைத் திறந்து, டி டிரைவை ஒரு புது நூலகமாக முதலிற் சேர்க்க வேண்டும். பின்னர் விளையாட்டின் 'ப்ராப்பர்ட்டீஸ்', அதில் 'இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்', அதில் 'மூவ் இன்ஸ்டால் ஃபோல்டர்'. பொருளைச் சுமந்து செல்வதும் கணக்கில் முகவரியை மாற்றுவதும் ஒன்றாக நடந்துவிடும். நகர்ந்தபின் ஐயமிருந்தால், அதே பக்கத்தில் கோப்புகள் முழுமையாக உள்ளனவா என்று சரிபார்க்கும் பொத்தானும் இருக்கிறது. எக்ஸ்பாக்ஸ் செயலியிலும், விண்டோஸ் கடையில் வாங்கியவற்றுக்கு 'இன்ஸ்டால்டு ஆப்ஸ்' பட்டியலிலும் இத்தகைய 'மூவ்' வசதி உண்டு. எப்பிக் கூடத்து விளையாட்டுக்குப் பலர் கையாளும் ஓர் உபாயம் இது: கோப்புறையை வேறிடத்தில் நகலெடுத்து வைத்து, விளையாட்டை நீக்கி, டி டிரைவில் புதிதாக நிறுவத் தொடங்கி, சிறிது இறங்கியதும் நிறுத்திவிட வேண்டும். நகலை அந்தப் புதிய கோப்புறையில் இட்டு, மறுபடி தொடரச் சொன்னால், இருப்பதைச் சரிபார்த்து ஏற்றுக்கொண்டு, இல்லாததை மட்டும் அது இறக்கும்.

எந்தக் கூடத்தையும் சாராமல், பழைய குறுந்தகட்டிலிருந்து நிறுவிய விளையாட்டுகளுக்கு முகவரி மாற்றும் அலுவலகமே கிடையாது. அவற்றை நீக்கிவிட்டுப் புது இடத்தில் நிறுவுவதே நேர்வழி. தகடு தொலைந்துபோயிருந்தால், அஞ்சலகத்தில் எழுதிக்கொடுத்துக் கடிதங்களைப் புது ஊருக்குத் திருப்பிவிடச் செய்வதுபோன்ற ஒரு வழியும் விண்டோசில் உண்டு. அதற்கு 'ஜங்ஷன்' என்று பெயர். கோப்புறையை டி டிரைவுக்கு நகலெடுத்து, பழையதன் பெயரை மாற்றி வைத்துவிட்டு, அந்தப் பழைய பெயரிலேயே ஒரு திருப்பு வழியை 'எம்கேலிங்க்' என்ற கட்டளையால் அமைப்பர். பதிவேடு பழைய வாயிலைத் தட்டும். கதவு டி டிரைவில் திறக்கும். கட்டளை எழுதிப் பழகாதவர்கள், தெரிந்தவர் ஒருவரை அருகில் வைத்துக்கொண்டு செய்வது உசிதம்.

வெளியே செருகும் வட்டுக்கு மாற்றுவோர் இரண்டைக் கவனிக்க வேண்டும். ஃபேட்32 என்ற முறையில் அமைந்த பென் டிரைவ், 4 கிகாபைட்டுக்கு மேற்பட்ட தனிக்கோப்பு எதையும் ஏற்காது. இடம் எவ்வளவு காலியாக இருந்தாலும் மறுத்துவிடும். அதனை எக்ஸ்ஃபேட் அல்லது என்.டி.எஃப்.எஸ். முறைக்கு மாற்றியபின்னரே பெரிய கோப்புகளை இட முடியும். மாற்றும்போது அதில் முன்னர் இருந்தவை அழியும் என்பதால் அவற்றை முதலில் வேறிடத்தில் வைத்துக்கொள்க. மற்றொன்று, நேற்று ஈ என்ற எழுத்தோடு வந்த வட்டு இன்று எஃப் என்ற எழுத்தோடு வரலாம். அப்போதும் விளையாட்டு காணாமற்போய்விட்டது என்ற அறிவிப்பே வரும். 'டிஸ்க் மேனேஜ்மென்ட்' என்ற பகுதியில் பழைய எழுத்தையே மீண்டும் கொடுத்தால் யாவும் முன்போல் ஓடும்.

நகலெடுத்துக் கொண்டுபோனவர்கள் பழைய கோப்புறையை அன்றே அழிக்க வேண்டுவதில்லை. அதன் பெயரை மாத்திரம் மாற்றி வைத்துவிட்டு, புது இடத்தில் விளையாட்டைத் தொடக்கி, முன்பு விட்ட கட்டத்திலிருந்தே அது தொடர்கிறதா என்று பிள்ளையையே பார்க்கச் சொல்லுங்கள். இரண்டு மூன்று நாள் அவ்வாறு ஓடியபின் பழையதை நீக்கினால், சி டிரைவில் அவ்வளவு இடமும் திரும்பக் கிடைக்கும்.