அட்டையில் இருந்த பதில்

“டேவிட் மார்ஷல்” என்றாள் அந்த மாணவி. நெறியாளர் கையிலிருந்த அட்டையைப் பார்த்துவிட்டு, “தவறான விடை” என்றார். அட்டையில் ‘லீ குவான் இயூ’ என்று எழுதியது நான்தான்.

கடந்த ஜூன் விடுமுறையில், உயர்நிலைப் பள்ளிகளுக்கான தொலைக்காட்சிப் புதிர்ப்போட்டி ஒன்றின் தயாரிப்புக் குழுவில் வேலைப்பயிற்சி செய்தேன். கேள்வி எழுதுவது என் வேலை. சுலபம் என்றுதான் நினைத்தேன். முதல் வாரம் கொடுத்த 40 கேள்விகளில் தேறியவை 9! ‘உலகின் ஆக நீளமான ஆறு எது?’ என்ற கேள்வியைத் தயாரிப்பாளர் அடித்துவிட்டார். “நைல்னு எழுதியிருக்க. அமேசான்தான்னு சொல்ற ஆய்வாளர்களும் இருக்காங்க. ஒரு பிள்ளை அதைச் சொன்னா என்ன பண்ணுவ?”

ஒவ்வொரு விடைக்கும் இரண்டு தனித்தனி ஆதாரங்கள் வேண்டும். எழுதியதை வாய்விட்டுப் படித்தும் பார்க்க வேண்டும். கண்ணுக்குப் புரியும் வாக்கியம் காதில் குழம்பிவிடும். பிறகு வேறொருவர் சரிபார்ப்பார். எங்கள் குழுவில் அதைச் செய்த அண்ணன் ஊடகம் படித்தவரல்ல, வரலாறு படித்தவர். 

அவர் சரிபார்த்தபோது என் கேள்வி, ‘சிங்கப்பூரின் முதல் பிரதமர் யார்?’ என்றுதான் இருந்தது. எல்லாரும் கேட்கும் கேள்வியாக இருக்கிறதே என்று, முதல்நாள் இரவு யாரிடமும் சொல்லாமல் ‘தேர்தலுக்குப் பின் சிங்கப்பூர் அரசாங்கத்துக்குத் தலைமையேற்ற முதல் தலைவர்’ என்று மாற்றினேன். 1959க்கு முன்பே, 1955 தேர்தலுக்குப் பின் மார்ஷல் முதலமைச்சரானார். அந்த மாணவி சொன்னதுதான் சரி.

அடுத்த மூன்று கேள்விகளுக்கு அவள் பொத்தானைத் தொடவே இல்லை.

இடைவேளையில் அண்ணன் கண்டுபிடித்துவிட்டார். ஒளிப்பதிவு அரை மணி நேரம் நின்றது. தயாரிப்பாளர் இரு அணிகளையும் அழைத்து, தவறு எங்களுடையது என்று சொல்லி 10 புள்ளிகளைக் கொடுத்தார். அப்படியும் அவள் அணி 5 புள்ளிகளில் தோற்றது. தொடாமல் விட்ட அந்த மூன்று கேள்விகளுக்கு யார் புள்ளி கொடுப்பது?

நேரில் மன்னிப்புக் கேட்க நினைத்தேன். முடியாது என்றார்கள். போட்டித் தொடர் முடியும்வரை கேள்வி எழுதுபவர் போட்டியாளரிடம் பேசக்கூடாது. இந்தக் கெடுபிடிக்குப் பின்னால் ஒரு பழைய கதை உண்டு. 1950களில் அமெரிக்காவின் ‘ட்வென்டி ஒன்’ நிகழ்ச்சியில் சார்ல்ஸ் வான் டோரன் என்ற கல்லூரி ஆசிரியர் வாரக்கணக்கில் வென்று புகழ்பெற்றார். விடைகள் தமக்கு முன்கூட்டியே தரப்பட்டதை 1959ல் நாடாளுமன்ற விசாரணையில் அவரே ஒப்புக்கொண்டார். மறு ஆண்டே அங்கு அத்தகைய மோசடியைத் தடுக்கும் சட்டம் வந்தது. 

ஒருவருக்கு விடையைக் கொடுப்பது மோசடி. சரியாகச் சொன்னவளிடமிருந்து விடையைப் பறித்ததற்கு என்ன பெயர் என்று எனக்குத் தெரியவில்லை. அவள் ஆசிரியருடன் பேருந்தில் ஏறும்வரை மாடிச் சன்னலருகே நின்றிருந்தேன். பிறகு, மறுநாளுக்கான 60 அட்டைகளையும் எடுத்து முதலிலிருந்து படிக்கத் தொடங்கினேன்.