பாரசீகப் பூனையும் அதன் மௌனமும்

என்னிடம் முன்னர் கல்வி பயின்ற மாணவர் ஒருவரின் இல்லத்துக்கு ஒரு நாள் சென்றிருந்தேன். விறாந்தையிலே வெண்ணிறப் பாரசீகப் பூனையொன்று பஞ்சுப் பொதி போலப் படுத்திருந்தது. "மிகவும் சாது, சேர். ஓடாது, பாயாது, ஒரு தொல்லையுமில்லை" என்று வீட்டார் பெருமையுடன் கூறினர். நானும் வியந்து அதன் வயிற்றைத் தடவினேன். விரலிலே மெல்லிய ரோமம் தட்டுப்படவில்லை. கம்பளித் துண்டு போல இறுகிய சிக்குகளே தட்டுப்பட்டன. மிருக வைத்தியர் அவற்றை மழித்து எடுத்தபோது அடியில் தோல் புண்ணாகியிருந்தது. புண் ஆறிய சில வாரங்களில் அந்தச் 'சாது' யன்னற் சீலையைப் பற்றி ஏறி விளையாடத் தொடங்கிற்று! அதுகாறும் அது அடங்கிக் கிடந்தது குணத்தினால் மட்டுமன்று. அசையுந்தோறும் சிக்குகள் தோலைப் பிடித்து இழுத்தமையாலுமாகும்.

பாரசீகப் பூனை இயல்பாகவே அமைதியானது என்பதில் ஐயமில்லை. சயாமியப் பூனையைப் போல ஓயாது குரலெழுப்பி வீட்டாரை அழைப்பதில்லை. அலுமாரியின் உச்சிக்குத் தாவுவதிலும் அதற்கு அத்துணை நாட்டமில்லை. குறித்த வேளையில் உணவு, பழகிய மடி, சந்தடியற்ற ஒரு மூலை, இவையே அதன் உலகம். ஆயின், பூனைகள் பொதுவாகவே தம் நோவை மறைப்பவை. இயல்பான அமைதியும் அதனோடு சேரும்பொழுது, நோயை நாம் நற்குணமெனக் கருதி ஏமாந்துவிடுகிறோம்.

பியத்திரோ தெல்லா வல்லே என்னும் இத்தாலியப் பிரயாணி, 1620ஆம் ஆண்டளவில் பாரசீகத்திலிருந்து எழுதிய கடிதத்தில், கொறாசான் பகுதியின் நீள்ரோமப் பூனைகளை வியந்து வருணித்துள்ளார். 1871இல் இலண்டன் பளிங்கு மாளிகையில் ஹரிசன் வியர் நடத்திய பூனைக் காட்சிக்குப் பின்னர், இவ்வினத்தைத் தேர்ந்தெடுத்து வளர்க்கும் ஆர்வம் பெருகிற்று. இன்றைய பாரசீகப் பூனையின் மரபணுக்களோ ஈரானியப் பூனைகளைவிட மேற்கு ஐரோப்பியப் பூனைகளையே நெருங்கி நிற்கின்றன என்பது 2008இல் வெளியான ஆய்வின் முடிவு. பெயர் பாரசீகம், ஆக்கமோ ஐரோப்பியரின் கைவண்ணம்!

அக்கைவண்ணத்தின் விலையைப் பூனையே செலுத்துகிறது. ரோமத்தின் வளர்ச்சியை உரிய காலத்தில் நிறுத்தும் மரபணு ஒன்றுண்டு. தாய் தந்தை இருவரிடமிருந்தும் அதன் பழுதுற்ற பிரதி வந்து சேர்ந்தால் ரோமம் நீண்டுகொண்டே போகும். அத்துணை நீண்ட சடையைப் பூனை தன் நாவினால் மட்டும் பேண இயலாது. முகத்தைத் தட்டையாக்கும் மோகத்தினால் கண்ணீர் செல்லும் குழாய் வளைந்து, நீர் கன்னத்தில் வழிகிறது; மூச்சும் சிரமமாகிறது. ஆகவே, நமது நாட்டு வெக்கையில் நண்பகலில் அதற்குக் குளிர்ந்த தரையும் மின்விசிறியும் வேண்டும். வாய் திறந்து மூச்சிரைத்தால் தாமதியாது மிருக வைத்தியரிடம் கொண்டுசெல்க.

இனிச் சீவும் முறை. பல் அகன்ற உலோகச் சீப்பினால் நாள்தோறும் பத்து நிமிடமேனும் சீவுதல் வேண்டும். பலரும் பார்வைக்குத் தெரியும் முதுகைச் சீவிவிட்டு எழுந்துவிடுகிறார்கள். சிக்கு விழுவதோ காதின் பின்புறம், முன்கால்களின் இடுக்கு, வயிறு, பின்தொடை ஆகிய இடங்களில். சிறு சிக்கை விரலாற் பிரித்தெடுக்கலாம். கத்தரிக்கோல் கூடவே கூடாது. சிக்கோடு மெல்லிய தோலும் எழும்பி வருமாதலால் வெட்டு தோலிலேயே விழும். குளிப்பாட்டுமுன் சீவுக, நனைந்த சிக்கு மேலும் இறுகும். கண்களை ஈரத்துணியால் தினமும் துடைத்தல் வேண்டும். இவற்றைச் செய்யும் கைகளே மெலிவையும் கட்டியையும் புண்ணையும் முதலில் அறியும் என்பதைச் சொல்லவும் வேண்டுமோ!

கையால் அறிய முடியாத நோயும் ஒன்றுண்டு. இவ்வினத்திற் பரம்பரையாக வரும் சிறுநீரக நீர்க்கட்டி நோய், பிறப்பிலேயே தொடங்கி, பல ஆண்டுகள் வெளித்தெரியாது வளரும். அதற்கான மரபணுப் பழுது 2004இல் கண்டறியப்பட்டது. இரத்தம் அல்லது வாயுமிழ்நீரைக் கொண்டு சோதிக்கலாம். குட்டி வாங்குவோர் சான்றிதழின் அழகைப் பாராட்டுமுன் பெற்றோருக்கு இச்சோதனை செய்யப்பட்டதா என வினவுக.

மரக்கறி உணவுண்ணும் குடும்பத்தாருக்கு ஒரு வார்த்தை. நானும் அக்கூட்டத்தினனே. பாற்சோறு பூனைக்குப் போதாது. தோறீன் என்னும் சத்து ஊனிலும் மீனிலுமே போதியளவு உண்டு. அது குறைந்தாற் பூனையின் பார்வை கெடும், இதயமும் தளரும். வளர்ந்த பூனைகள் பலவற்றுக்குப் பால் வயிற்றோட்டத்தையே தரும். வீட்டில் மீன் சமைக்க விருப்பமில்லையாயின், தோறீன் சேர்த்துத் தயாரித்த பூனையுணவை வாங்கி வைக்கலாம். அதுவும் மனத்துக்கு ஒவ்வாதெனில், பூனை வளர்க்கும் எண்ணத்தைக் கைவிடுதலே நேர்மை.

அந்த மாணவர் வீட்டில் இப்பொழுது இரவு உணவின் பின்னர் சீவுதல் நடைபெறுகிறது. வயிற்றைத் தொட்டால் கையைக் கடிக்கிறதென அண்மையில் அவர்கள் முறையிட்டார்கள். புண் ஏதுமுண்டா என்று பார்க்கச் சொன்னேன். ஒன்றுமில்லை, வெறும் கோபந்தானாம். கடிக்கட்டும் என்றேன்.