உங்களுக்குத் தெரியுமா? ஆறு நாட்களில் ஐந்து வெற்றிகள்

அமெரிக்காவின் டென்னஸி மாநிலத்தில், மலைமேல் அமைந்த ஸிவானி என்னும் சிற்றூரின் பல்கலைக்கழகத்து அமெரிக்கக் கால்பந்து அணி, 1899-ஆம் ஆண்டில் தான் ஆடிய 12 ஆட்டங்களிலும் ஜயம் பெற்று 322 புள்ளிகளைக் குவித்ததோடு, எதிரிகளுக்கு வெறும் 10 புள்ளிகளையே விட்டுக்கொடுத்தது. அந்தப் பத்தையும் பெற்றது ஆபர்ன் அணி ஒன்றே.

அதனினும் ஆச்சரியமானது, மாணவராய் இருந்துகொண்டே அணியின் நிர்வாகத்தையும் ஏற்றிருந்த லூக் லீ வகுத்த ரயில் யாத்திரை. தம் மலையூற்று நீரைப் பீப்பாய்களில் ஏற்றிக்கொண்டு ஏறத்தாழ 2,500 மைல் பிரயாணம் செய்த அவ்விளைஞர்கள், நவம்பர் 9-ஆம் தேதி ஆஸ்டினில் டெக்ஸஸ் அணியையும், மறுநாள் ஹூஸ்டனில் டெக்ஸஸ் ஏ அண்டு எம் அணியையும், அதற்கடுத்த நாள் நியூ ஆர்லியன்ஸில் டுலேன் அணியையும் வென்று, ஞாயிறு ஒருநாள் மட்டும் விச்ராந்தி கொண்டு, 13-ஆம் தேதி பேட்டன் ரூஜில் லூயிசியானா அணியையும், 14-ஆம் தேதி மெம்பிஸில் மிஸிஸிப்பி அணியையும், ஒருவருக்கும் ஒரு புள்ளிகூடக் கொடாமல் தோற்கடித்தனர். ஆஸ்டினில் தலையில் வெட்டுக்காயம் பட்ட தலைவர் ஸைபல்ஸ், கட்டுப் போட்டுக்கொண்டு ஆட்டத்தைத் தொடர்ந்தார்.

பந்தை முன்னோக்கி எறிவதற்கு 1906-ஆம் ஆண்டுவரை விதிகள் இடம் தராமையால், ஒவ்வொரு கஜத்தையும் உடலால் மோதியே கடக்க வேண்டியிருந்த காலம் அது என்பதை நினைத்தால்தான் அச்சாதனையின் மகத்துவம் புலப்படும். லூக் லீ பிற்காலத்தில், 1911-ஆம் ஆண்டு முதல், அமெரிக்கச் செனட் சபையின் அங்கத்தினராக விளங்கினார்.