77 கொலைகாரர்களைப் பேட்டி கண்ட 'நிபுணர்': குட்டு உடைந்தது எப்படி?

கொலை வழக்குகளைப் பற்றிய டெலிவிஷன் படங்களில் ஒரு காட்சி தவறாமல் வரும். மங்கலான அறையில் ஒருவர் நாற்காலியில் அமர்ந்திருப்பார். கீழே அவர் பெயரும் 'நிபுணர்' என்ற பட்டமும் தெரியும். கொலைகாரன் மனதில் என்ன ஓடியது என்று அவர் விளக்குவார். பார்ப்பவர்கள் அப்படியே நம்புவார்கள்.

அந்தப் பட்டத்தை அவருக்குக் கொடுத்தது யார்? பிரான்ஸ் நாட்டில் இந்தக் கேள்வி எழவே பல ஆண்டுகள் ஆயின.

மனைவி கொலை!

ஸ்டீபான் பூர்க்வான் என்பவர் அங்கே பெரும் புள்ளி. தொடர் கொலைகாரர்களைப் பற்றி 40க்கும் மேற்பட்ட நூல்களை எழுதியவர். இத்தகைய படம் என்றாலே அவரைத்தான் கூப்பிடுவார்கள்.

"1976ல் அமெரிக்காவில் என் மனைவியை ஒருவன் கொன்றுவிட்டான். அந்தத் துயரத்தால்தான் இத்துறைக்கு வந்தேன்" என்பார். 77 கொலைகாரர்களைப் பேட்டி கண்டதாகவும், எப்.பி.ஐ. துப்பறியும் இலாகாவில் பயிற்சி பெற்றதாகவும் கூறுவார். கொலையில் பிள்ளையைப் பறிகொடுத்த பெற்றோரும், 'நம்மைப் போல் துன்பப்பட்டவர்' என்று அவரை நம்பினார்கள்.

எல்லாம் பொய்

2020ல் '4வது கண்' என்ற பெயரில் சிலர் கிளம்பினார்கள். குற்ற வரலாறுகளை விரும்பிப் படிக்கும் சாதாரண வாசகர்கள் அவர்கள். பூர்க்வானின் நூல்களையும் பேட்டிகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டார்கள். ஒன்றுக்கொன்று ஒட்டவில்லை. அதை இணையத்தில் அம்பலப்படுத்தினார்கள்.

அந்த ஆண்டு மே மாதம் அவரே பத்திரிகைகளிடம் உண்மையை ஒப்புக்கொண்டார். கொலையுண்ட மனைவி என்று ஒருவர் இல்லை. எப்.பி.ஐ. பயிற்சியும் இல்லை. 77 என்ற கணக்கும் பொய். சில கொலைகாரர்களைச் சிறையில் சந்தித்தது மட்டும் உண்மை.

புளோரிடாவில் நிஜமாகவே கொல்லப்பட்ட ஓர் இளம்பெண்ணின் முடிவைத்தான் 'மனைவி' கதையாக்கியிருந்தார். அந்தப் பெண்ணுடன் அவருக்கு இருந்ததோ சொற்பப் பழக்கம். யாரோ பெற்ற மகளின் சாவு, இவர் புகழுக்கு முதலாயிற்று!

2024ல் இந்த மோசடியைப் பற்றியே ஒரு டாகுமெண்டரி தொடர் வெளிவந்தது.

ஏமாந்தது ஏன்?

படம் எடுப்பவர்களுக்குத் தடுமாறாமல் பேசும் ஆள் வேண்டும். ஒரு படத்தில் வந்தவரை, அதையே தகுதியாகக் கொண்டு அடுத்த படத்துக்கும் அழைக்கிறார்கள். முதல் படத்தில் விசாரித்தார்களா என்று யாரும் பார்ப்பதில்லை.

பிரேதப் பரிசோதனை செய்த டாக்டர், வழக்கை விசாரித்த அதிகாரி, மூல ஆவணங்களைப் படித்த ஆராய்ச்சியாளர் ஆகியோர் பேச்சில் ஓர் எல்லை இருக்கும். "இது வரை தெரியும், அதற்கு மேல் தெரியாது" என்பார்கள். எல்லாம் தெரிந்தவர் போலப் பேசுபவரிடம்தான் எச்சரிக்கை தேவை.

ரேஷன் கார்டு வாங்கப் போனால் முகவரிக்கு அத்தாட்சி கேட்கிறார்கள். இறந்தவர்களைப் பற்றி ஊருக்கெல்லாம் சொல்ல வருபவரிடம் ஓர் அத்தாட்சி கேட்டால் என்ன தவறு?